“மணி என்ற பெயரை மாற்றிவிடவா?”

கடிதம் எழுதுபவரின் பெயரை வழக்கமாக மறைத்துவிடுவேன். இந்த முறை அது முடியவில்லை, கேள்வியே பெயரைப் பற்றியது. மற்ற அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.

வாசகிக்கு வயது 27. பெயர் மணி. அப்பாவைப் பெற்ற பாட்டி மணியம்மாள். அவர் காலமான வருடமே இவர் பிறந்ததால் அந்தப் பெயரையே அப்பா வைத்தார். பள்ளிச் சான்றிதழ், ஆதார், வங்கிக் கணக்கு எல்லாவற்றிலும் அப்பாவின் இனிஷியலும் ‘மணி’ என்ற இரண்டெழுத்தும்தான். படிக்கிறவரை தொல்லை இல்லை. வேலைக்குப் போனதும் வரும் கடிதமெல்லாம் ‘திரு. மணி’ என்று வர ஆரம்பித்தன. பயிற்சிக்காக வெளியூர் போனபோது ஆண்கள் தங்கும் மாடியில், இன்னொரு ஆணுடன் சேர்த்து இவருக்கு அறை ஒதுக்கிவிட்டார்கள். இரவு நேரம், கையில் பெட்டி. வரவேற்பு மேஜைக்காரர் பட்டியலையும் இவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, “மணி சார் வரலையா மேடம்?” என்று கேட்டாராம். வாக்காளர் அட்டையிலும் பாலினம் என்ற இடத்தில் ‘ஆண்’ என்றே இருக்கிறது.

இப்போது கல்யாணம் நிச்சயமாகியிருக்கிறது, இன்னும் பத்து வாரம். மாப்பிள்ளையின் பெயர் சுப்பிரமணியன், வீட்டில் கூப்பிடுவது மணி! “பத்திரிகையில ரெண்டு மணி இருந்தா ஊர் சிரிக்கும்” என்கிறார் வருங்கால மாமியார். பாதிப் பெயர் அப்படியே இருக்கும் என்று ‘மணிஷா’வை அவரே தேர்ந்தெடுத்திருக்கிறார், எண் கணித ஜோதிடரும் சரி என்று சொல்லிவிட்டார். வாசகி கேட்பது இவை: அப்பா யோசிக்காமல் ஆண் பெயரை வைத்துவிட்டாரா? “கோயில் மணி, பள்ளிக்கூட மணி, அதைத் தவிர என்ன அர்த்தம்? அதுவும் தமிழே கிடையாது” என்று அலுவலகத்தில் ஒருவர் சொல்வது சரியா? கல்யாணம் ஆனால் எப்படியும் பெயரை மாற்றித்தானே ஆக வேண்டும், நோட்டரி வக்கீலிடம் ஒரு பிரமாணப் பத்திரம் எழுதிவிட்டால் போதாதா? மாப்பிள்ளைக்கு வளைகுடாவில் வேலை கிடைக்கலாம் என்றும், தான் இன்னும் பாஸ்போர்ட் எடுக்கவில்லை என்றும் கடைசியில் ஒரு வரி எழுதியிருக்கிறார். அந்த வரிக்கும் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

அன்புள்ள மணி,

உங்கள் கடிதத்தில் மூன்று தனித்தனி விஷயங்கள் ஒன்றாகப் பின்னிக் கிடக்கின்றன: பெயரின் பொருள், ஆவணங்களில் உள்ள பிழை, கல்யாண வீட்டு நெருக்கடி. நீங்கள் மூன்றுக்கும் ஒரே மருந்தாகப் பெயர் மாற்றத்தைப் பார்க்கிறீர்கள். நான் பார்த்தவரை அது இரண்டாவதற்கு மருந்தே ஆகாது. மூன்றாவதைப் பெரிதாக்கும். முதலாவதுக்கு மருந்தே தேவையில்லை, அங்கே நோயில்லை.

அப்பாவிடமிருந்தே தொடங்குகிறேன். அவர்மேல் உங்களுக்குக் கொஞ்சம் கோபம் இருப்பது எழுத்தில் தெரிகிறது.

மணி ஆண் பெயரா?

முருகன் என்றால் ஆண், வள்ளி என்றால் பெண். மணி ஒரு பொருளின் பெயர். பொருளுக்கு ஆண்பால் பெண்பால் கிடையாது. யாருக்கு வைக்கிறோமோ அவருடைய பாலை அது எடுத்துக்கொள்ளும். வீரமணியும் மணிமாறனும் ஆண்கள், கண்மணியும் பொன்மணியும் பெண்கள். கலைமணி, செல்வமணி என்றால் ஆளைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். “என் கண்மணி” என்று மகனையும் கொஞ்சுகிறோம், மகளையும் கொஞ்சுகிறோம்.

தமிழில் இதனால் குழப்பம் வந்ததே இல்லை. ‘மணி வந்தாள்’, ‘மணி வந்தான்’ என்று வினைச்சொல்லே ஆளைக் காட்டிக்கொடுத்துவிடும். வினைச்சொல் இல்லாமல் பெயர் மட்டும் தனியாக நிற்கிற இடத்தில்தான் சிக்கல்: கணினியில் அடித்த பட்டியல், ஆங்கிலக் கடிதத்தின் முதல் வரி, விடுதி அறை ஒதுக்கீடு. அங்கே யாரோ ஒருவர் தனக்குத் தெரிந்த நாலு மணிகளை நினைத்துக்கொண்டு ஊகிக்கிறார். அவருக்குத் தெரிந்த நாலு பேரும் ஆண்கள், அவ்வளவுதான்.

அந்த நாலு பேரில் மூவர் அநேகமாகச் சுப்பிரமணிகளாக இருப்பார்கள். சங்கீத உலகின் மதுரை மணி ஐயருக்கும் இயற்பெயர் சுப்பிரமணியன்தான். ‘மணி’ ஆண் பெயராகக் காதில் விழ முக்கியக் காரணம் இந்தச் சுருக்கம். ஆனால் வேடிக்கை பாருங்கள்: சுப்பிரமணியன் என்பதில் மணியே கிடையாது! அது சு, பிரம்மண்ய என்று பிரிகிற வடசொல். ‘பிரம்மண்ய’வின் வால்தான் நம் வாயில் மணி ஆனது. ருக்மணியிலும் அப்படித்தான், மூலச்சொல் ருக்மிணி, ‘ருக்மம்’ என்றால் பொன். ஆக, உங்கள் மாப்பிள்ளையின் மணி ஒலியால் வந்த மணி. பாட்டியிடமிருந்து வந்த உங்கள் மணிதான் அசல். (இதை மாமியாரிடம் நீங்களே சொல்ல வேண்டாம், மாப்பிள்ளையைச் சொல்லச் சொல்லுங்கள்.)

அந்த மணிஷா? அதிலும் மணி இல்லை. வடமொழியில் அது ‘மனீஷா’, மனத்தோடு தொடர்புடைய சொல். அறிவு, சிந்தனை என்று பொருள். நல்ல பெயர்தான். ஆனால் ‘பாதிப் பெயர் அப்படியே இருக்கும்’ என்ற கணக்கு தப்பு. மாற்றினால் பாட்டியின் பெயர் முழுதாகவே போய்விடும். அதைத் தெரிந்துகொண்டு முடிவெடுங்கள்.

பெண்களில் மணி இல்லையா என்றால், பெரிய மணிகளே இருக்கிறார்கள். காந்திமதியாகப் பிறந்து மணியம்மையார் என்று அறியப்பட்டவர், 1973-இல் பெரியார் மறைந்த பிறகு திராவிடர் கழகத்தின் தலைமையை ஏற்றவர். தஞ்சைப் பகுதியில் விவசாயக் கூலிகளுக்காகப் போராடிய மணலூர் மணியம்மாள், தலைமுடியை கிராப் வெட்டி வேட்டி சட்டை போட்டுக்கொண்டே ஊர் ஊராகப் போனார். பார்த்தவர்கள் என்ன நினைத்தார்கள் என்று அவர் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. மலையாளத்தில் கவிஞர் பாலாமணியம்மா. இன்னும் பின்னால் போனால் மணிமேகலை. கோவலனின் முன்னோர் ஒருவரைக் கடலில் மூழ்காமல் காத்த தெய்வத்தின் பெயரைத்தான் மாதவியின் மகளுக்கு வைத்தார்கள். இலங்கையில் சிங்களப் பெண்களுக்குள்ள மெனிக்கே என்ற பெயரும் மாணிக்கத்திலிருந்து வந்ததே. அங்கே போய் அது ஆண் பெயர் என்றால் சிரிப்பார்கள். வடக்கு ஐரோப்பியரின் பழங்கதைகளில் நிலவுக்கு மானி என்று பெயர், அவர் ஆண். ஒலி மட்டும்தான் ஒற்றுமை, உறவு ஒன்றும் இல்லை. பெயரின் ஒலியை வைத்து ஆணா பெண்ணா என்று தீர்ப்புச் சொல்ல முடியாது என்பதற்காகச் சொன்னேன்.

வெறும் கோயில் மணியா?

நான் வழக்காடிப் பிழைப்பவள். தமிழில் எல்லோருக்கும் தெரிந்த வழக்கு எது என்று கேட்டால் கண்ணகியின் வழக்கைத்தான் சொல்வேன். சிலப்பதிகாரத்து வழக்குரை காதையை ஒருமுறை உங்கள் பெயருக்காகவே படித்துப் பாருங்கள். பாண்டியன் “நீ யார்?” என்று கேட்டதும் கண்ணகி தன் ஊரின் பெருமையைச் சொல்கிறாள்: “வாயிற் கடைமணி நடுநா நடுங்க, ஆவின் கடைமணி உகுநீர் நெஞ்சு சுட”. முதல் கடைமணி அரண்மனை வாசலில் தொங்கும் ஆராய்ச்சி மணி. இரண்டாவது கடைமணி கன்றை இழந்த பசுவின் கண்மணிக் கடை. அங்கிருந்து வழிந்த நீர்தான் சோழனின் நெஞ்சைச் சுட்டது. அடுத்தடுத்த அடிகளில் ஒரே சொல், இரண்டு பொருள்.

அதோடு முடியவில்லை. தன் சிலம்பில் உள்ள பரல் எது என்று கண்ணகியே முதலில் சொல்கிறாள்: “என்காற் பொற்சிலம்பு மணியுடை அரியே”. இங்கே மணி என்றால் மாணிக்கம். அரசன் தன் மனைவியின் சிலம்பில் உள்ள பரல் முத்து என்கிறான். சிலம்பை உடைத்ததும் தெறித்தது அந்த மணிதான், வழக்கு அங்கேயே முடிந்தது. வாசலில் நீதி கேட்கிற மணி, கண்ணீர் விடுகிற மணி, சாட்சி சொல்கிற மணி. உங்கள் அலுவலக நண்பர் சொன்னது இந்த மூன்றில் ஒன்றை மட்டும்.

மணிக்கு நிறமும் உண்டு. அதியமான் கொடுத்த நெல்லிக்கனிக்கு ஒளவையார் பாடிய புறநானூற்றுப் பாட்டில் (91-ஆவது) சிவன் “நீல மணிமிடற்று ஒருவன்”, அதாவது நீலமணி போன்ற தொண்டையை உடையவன். மணிவண்ணன் என்று திருமாலைச் சொல்வதும் இந்த நீலத்தை வைத்துத்தான். ஆனால் மணிகண்டனில் வருவது கழுத்தில் கட்டிய மணி. கதிரில் முற்றியது நெல்மணி, பொற்கொல்லர் தராசில் வைத்தது குன்றிமணி. “வீட்டில் குண்டுமணித் தங்கம் இல்லை” என்கிறோமே, அந்த விதைதான். கையில் மணி கட்டுகிற இடம் மணிக்கட்டு. நேரத்துக்கு மணி என்ற பெயர் கடைசியாக வந்த உறவு: நாழிகைக் கணக்கு போய், மணியடித்து நேரம் சொல்லும் வழக்கம் பரவியபோது, அடித்த மணியே நேரத்தின் பெயரும் ஆகிவிட்டது.

தமிழா வடமொழியா என்பதற்கு நேரான பதிலைக் கொடுத்தால் ஒரு தரப்புக்குக் கோபம் வரும். ரிக் வேதத்திலேயே இந்தச் சொல் இருக்கிறது. லத்தீனில் கழுத்தணியைக் குறிக்கும் ‘மோனிலே’யோடு சேர்த்துப் பார்க்கும் மொழியியலாரும் உண்டு. தமிழில் மண்ணுதல் என்றால் கழுவுதல். மண்ணித் துலக்கிய கல்தான் மணி என்று வேர் காட்டுபவர்களும் உண்டு. சங்கப் பாட்டிலேயே புழங்கிய சொல்லை இன்று ‘தமிழே கிடையாது’ என்று தள்ளுவது எனக்குச் சரியாகப் படவில்லை. வேர் எங்கே இருந்தாலும் குடியிருப்பு இங்கேதான்.

பெயரை மாற்றினால் என்னென்ன செய்ய வேண்டும்?

இனி என் தொழில் பக்கம். மாற்றுவது உங்கள் உரிமை, அதில் சந்தேகம் வேண்டாம். பெயர் என்பது ஒருவருடைய அடையாளத்தின் பகுதி, பேச்சுரிமையோடு சேர்ந்தது என்று உச்ச நீதிமன்றம் 2021 ஜூன் மாதம், மத்தியக் கல்வி வாரியச் சான்றிதழ்கள் தொடர்பான வழக்கில் சொல்லியிருக்கிறது. ஆனால் நீங்கள் நினைக்கிற வழி தவறு. நோட்டரி முன்னால் எழுதும் பிரமாணப் பத்திரம் மட்டும் போதாது. தமிழ்நாட்டில் எழுதுபொருள் மற்றும் அச்சுத் துறையிடம் விண்ணப்பித்து, “இன்னாரின் மகளாகிய நான் இனி இந்தப் பெயரால் அறியப்படுவேன்” என்ற அறிவிப்பை அரசிதழில் வெளியிட வேண்டும். அதற்குப் பிறகுதான் அலைச்சலே ஆரம்பம். ஆதார், பான், வங்கி, வாக்காளர் அட்டை, வருங்கால வைப்பு நிதி என்று ஒவ்வொன்றாக மாற்ற வேண்டும். ஆதாரில் பெயரை ஆயுளில் இரண்டு முறைதான் மாற்றலாம். மணிஷாவுக்கு ஒன்று போனால் மிச்சம் ஒன்று. பள்ளிச் சான்றிதழ்கள் பொதுவாகப் பழைய பெயரிலேயே இருக்கும், அரசிதழ் நகலை எப்போதும் கூடவே வைத்துக் காட்ட வேண்டும். பிறப்புச் சான்றிதழைப் பொறுத்தவரை, 1969-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 15-ஆவது பிரிவு பிழையான பதிவைத் திருத்துவதற்கு. மணி பிழையாக எழுதப்பட்ட பெயர் இல்லையே.

கல்யாணமானால் பெயரை மாற்றியே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. இனிஷியலையும் மாற்ற வேண்டியதில்லை. இதை என் அலுவலகத்துக்கு வரும் பெண்களில் பாதிப் பேர் நம்புவதில்லை!

உங்களுக்குள்ள உண்மையான ஆபத்து காலம். பத்து வாரத்தில் இதைத் தொடங்கினால், கல்யாண நாளன்று ஆதாரில் ஒரு பெயர், பத்திரிகையில் ஒரு பெயர், அரசிதழ் இன்னும் வரவில்லை என்று நிற்பீர்கள். தமிழ்நாட்டில் திருமணத்தைப் பதிவது 2009-ஆம் ஆண்டுச் சட்டப்படி கட்டாயம். 90 நாளுக்குள் பதிய வேண்டும், தவறினால் கூடுதல் கட்டணத்தோடு இன்னும் 60 நாள். சார்பதிவாளர் கையிலுள்ள அடையாளச் சான்றைத்தான் பார்ப்பார். பத்திரிகையில் மணிஷா, ஆதாரில் மணி என்றால் அங்கேயே பேச்சு ஆரம்பித்துவிடும். மாற்றத்தான் வேண்டும் என்றால் கல்யாணமும் பதிவும் முடிந்த பிறகு நிதானமாகச் செய்யுங்கள். அப்போதும் மனம் மாறவில்லை என்றால் அது உங்கள் சொந்த விருப்பம் என்று எடுத்துக்கொள்ளலாம். இடைப்பட்ட வழியாக மணிமேகலை என்று நீட்டிக்கொள்ளலாமா என்றால், தாராளமாக. பாட்டியும் இருப்பார், பெண் என்பதும் தெரியும். ஆனால் அதற்கும் இதே அரசிதழ், இதே அலைச்சல்தான். எண் கணிதத்துக்காக ஆங்கிலத்தில் ஓர் எழுத்தைக் கூட்டினாலும் அப்படியே. பாட்டியைத் தமிழில் கூப்பிட்டார்கள், ஜோதிடர் ஆங்கில எழுத்தை எண்ணுகிறார். அதற்கு மேல் நான் சொல்ல ஒன்றுமில்லை.

மாற்றாமலே தீர்க்கக்கூடியவை

வாக்காளர் அட்டையில் ‘ஆண்’ என்றிருப்பது பெயரின் குற்றம் இல்லை, யாரோ ஊகித்து எழுதிய பிழை. மணிஷா என்று மாறினாலும் அந்தக் கட்டத்தில் ‘ஆண்’ அப்படியே நிற்கும், யோசித்துப் பாருங்கள். படிவம் 8-ஐ நிரப்பி வாக்குச்சாவடி நிலை அலுவலரிடம் கொடுங்கள், இணையத்திலும் போடலாம். முதலில் செய்ய வேண்டியது இதுதான். கூடவே ஆதார், வங்கி, வைப்பு நிதி ஒவ்வொன்றிலும் பாலினம் என்ன பதிவாகியிருக்கிறது என்று ஒரு மாலை உட்கார்ந்து பாருங்கள்.

விடுதி விஷயத்தில் நிறுவனத்தின் மனிதவளப் பிரிவுக்கு எழுத்தில் ஒரு கடிதம் கொடுங்கள். வேலையில் சேரும்போது பாலினத்தைக் கேட்டுப் பதிந்தவர்கள், அறை ஒதுக்கும்போது அதைப் பார்க்காமல் பெயரைப் பார்த்திருக்கிறார்கள். சண்டை தொனி வேண்டாம், தேதியும் நடந்ததும் இருந்தால் போதும். மின்னஞ்சலின் அடியில் ‘திருமதி மணி’ என்றோ ‘செல்வி மணி’ என்றோ போட்டுக்கொள்ள எந்த அரசிதழும் தேவையில்லை.

2008 டிசம்பரில் ஜெர்மனியின் அரசமைப்பு நீதிமன்றம் இதே போன்ற ஒரு வழக்கை முடித்தது. மகளுக்குக் ‘கிரண்’ என்று பெயர் வைத்தார்கள். இது ஆணா பெண்ணா என்று தெரியவில்லை, பாலைக் காட்டும் இன்னொரு பெயரும் சேர்க்க வேண்டும் என்றார் பதிவாளர். பெயர் பாலைக் காட்டியே ஆக வேண்டும் என்று சட்டத்தில் எங்கும் இல்லை, கிரண் மட்டுமே போதும் என்று தீர்ப்பு வந்தது. நம் ஊரில் அப்படி ஒரு நிபந்தனை எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அங்கே வழக்குப் போட்டு வாங்கியதை நாம் சும்மாவே வைத்திருக்கிறோம்.

பாஸ்போர்ட்டைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, நான் சொல்கிறேன். ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டோடு வருகிறவர்களுக்குச் சுற்றுலா, விசிட் விசா இல்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் அறிவித்தது. நம் ஊர் இனிஷியல் வழக்கத்துக்கு இது நேரடி இடைஞ்சல். எனவே விண்ணப்பிக்கும்போது இனிஷியலை விரித்து, அப்பாவின் பெயரைக் குடும்பப் பெயர் இடத்திலும் மணியை அதற்குரிய இடத்திலும் எழுதுங்கள். இரண்டு கட்டமும் நிரம்பட்டும். உங்கள் பெயரால் வரக்கூடிய நிஜமான சட்டச் சிக்கல் இது ஒன்றுதான், அதுவும் அது ஆண் பெயர் என்பதால் வருவதில்லை.

மாமியாரிடம் ‘மாட்டேன்’ என்று நேராகச் சொல்ல வேண்டிய அவசியமில்லை. அச்சகத்துக்குப் போகும் முன் பத்திரிகையை ஒரு தாளில் எழுதிக் காட்டுங்கள். மாப்பிள்ளைக்கு முன்னால் ‘திருவளர்ச்செல்வன்’, பெயரும் முழுதாகச் சுப்பிரமணியன், அவர் ஆதாரில் இருக்கிறபடி. உங்களுக்கு முன்னால் ‘திருவளர்ச்செல்வி’. நம் பத்திரிகையில் பெயருக்கு முன்பே ஆண் யார், பெண் யார் என்று எழுதிவிடுகிறோம். இரண்டு மணி என்ற பேச்சுக்கே அதில் இடமில்லை. அப்பாவின் அம்மா பெயரைப் பத்திரிகையில் போடும் வழக்கம் உங்கள் வீட்டில் இருந்தால், ‘மணியம்மாள் அவர்களின் பேத்தி’ என்ற வரியையும் சேர்த்துவிடுங்கள். பெயர் எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்க வேண்டியிருக்காது.

கல்யாணத்துக்குப் பிறகு அடுக்களையிலிருந்து “மணி” என்று குரல் வந்தால் யார் திரும்புவது என்று கேட்டிருக்கிறீர்கள். அதற்கு என்னிடம் சட்டப் பிரிவு எதுவும் இல்லை. என் அனுபவத்தில், வேலை இருந்தால் இரண்டு பேருமே திரும்ப மாட்டார்கள்.